கரண்ட் போன சுருதி

எண்பதுகளில் சேலையூரில் பாட்டு மாமி வீட்டு மூலையில் தம்புரா உறை போட்டபடி சாய்ந்திருக்கும். மீட்ட ஆளில்லை. அதன் வேலையை டிரான்சிஸ்டர் சைஸில் ஒரு எலக்ட்ரானிக் சுருதிப் பெட்டி பார்த்தது. புல்லாங்குழல் வாசிக்கிற பெங்களூர் இன்ஜினியர் ஜி. ராஜ் நாராயண் 1979-லேயே தம்புராவை மின்சாரத்துக்கு மாற்றியிருந்தார். மாமி வீட்டுப் பெட்டி எந்த ஊர்ச் சரக்கோ. மாமியின் மாமனார் அதற்கு வைத்த பெயர் ‘கொசு’.

கரண்ட் போனால் கொசு செத்துவிடும். நாங்கள் விடமாட்டோம், வரிசையை இழுத்துக்கொண்டே போவோம். கரண்ட் வந்ததும் பெட்டி அஞ்சரைக் கட்டையில், நாங்கள் அஞ்சில். “அரைக் கட்டையை எங்கடா தொலைச்சேள்?” என்று மாமி தலையில் அடித்துக்கொள்வார்.

அதே காலத்தில் யு. சீனிவாஸ் என்ற சிறுவன் ஒயர் செருகிய மாண்டலினில் கல்யாணி வாசித்தான். மாமனார் ரேடியோவை அணைக்கப் பார்த்தார். நான் சீனிவாஸ் கட்சி. மாமனாரைப் பழைய பஞ்சாங்கம் என்று முதுகுக்குப் பின்னால் சொல்லிச் சிரித்தவன்.

அன்று கேளம்பாக்கம் என்றால் உப்பளம், சிறுசேரி என்றால் “அது எங்கே இருக்கு?” என்பார்கள். இன்று அந்தச் சிறுசேரியில் பதினோராவது மாடியில் என் குடித்தனம். மகள் பரதநாட்டியம் கற்கிறாள். குடியிருப்பு ஆண்டு விழாவுக்குத் திஸ்ர அலாரிப்பு. மேல்வீட்டு சிப்காட் பையன் லேப்டாப்பில் அதற்கு பீட் கட்டிக்கொண்டு வந்தான். “அங்கிள், இந்த இடத்துல ட்ராப் வரும்.” எதைக் கீழே போடப்போகிறான் என்று பார்த்தேன். என் மார்பெலும்புதான் அதிர்ந்தது.

சம்பிரதாயம் என்று ஒன்று இருக்கிறதே என்றேன், மாமனார் குரலில்.

நாட்டிய டீச்சர் சிரித்தார். “சார், பரதநாட்டிய மார்க்கத்தை வகுத்த தஞ்சை நால்வர்ல ஒருத்தரான வடிவேலுதான் வெள்ளைக்காரன் பிடிலை எடுத்து வாசிச்சார். 1834-ல சுவாதித் திருநாள் அவருக்குப் பிடிலே பரிசாக் கொடுத்தார்.”

“அது மரம். இது மின்சாரம்.”

“தந்தம், சார்.”

பையன் தன் பங்குக்குப் போனை நீட்டினான். பம்பாயில் சரண்ஜித் சிங் 1982-ல் டிஆர்-808, டிபி-303 என்ற ரோலண்ட் பெட்டிகளை வைத்து டிஸ்கோ தாளத்தில் பத்து ராகம் வாசித்த ரெக்கார்ட். அப்போது சீந்துவாரில்லை. 2010-ல் மறுபடி வெளியானபோது, பின்னாளில் சிகாகோவில் பிறந்த ஆசிட் ஹவுஸ் மாதிரியே இருக்கிறதே என்று மேல்நாட்டார் வாயைப் பிளந்தார்கள். அந்த 1982, செத்த கொசுவோடு நான் பாடிக்கொண்டிருந்த காலம்.

விழா அன்று மகளுடைய கால் மூன்று மூன்றாகப் போனது, லேப்டாப் நாலு நாலாக இடித்தது. பன்னிரண்டில் இரண்டும் சந்திக்க வேண்டும். பாதியில் கரண்ட் போனது. எனக்கு ஒரு நப்பாசை. ஸ்பீக்கர் ஊமையானது, பேட்டரியில் லேப்டாப் சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது, மகள் நிறுத்தவில்லை. ஜெனரேட்டர் உறுமி, ஸ்பீக்கருக்கு உயிர் வந்தபோது அவள் குதிகாலும் அந்த இடியும் ஒரே இடத்தில் விழுந்தன.

தொடையில் தாளம் போட்டுக்கொண்டிருந்த நான்தான் அரை அட்சரம் பின்னால் இருந்தேன்.