டிக்கெட் இல்லாமல் வந்தவர்

கேள்வி: சினிமா ஆசையில் ரயிலேறி எங்கள் கோடம்பாக்கத்துக்கு வந்து ஜெயித்தவர்கள் ஏராளம். புத்தகம் விற்றே ஜெயித்த வெளிநாட்டுக்காரர் யாராவது உண்டா?
– வாசகர், கோடம்பாக்கம்

பதில்: உண்டு. அவர் டிக்கெட்டே எடுக்கவில்லை! ஏபெல் ஜோசுவா ஹிக்கின்பாதம், இங்கிலாந்திலிருந்து கப்பலில் ஒளிந்து வந்தாராம். கண்டுபிடித்த கேப்டன் சென்னைத் துறைமுகத்தில் இறக்கிவிட்டாராம். அந்தக் கேப்டனுக்கு நாம் நன்றி சொல்ல வேண்டும். கிறிஸ்தவ மிஷன் நடத்திய புத்தகக் கடையில் வேலை பார்த்தவர், அது நஷ்டத்தில் விலைக்கு வந்தபோது தானே வாங்கி, 1844-ல் ஹிக்கின்பாதம்ஸைத் தொடங்கினார்.

பதிப்பாளராகவும் கெட்டிக்காரர். சென்னை சமையலறைகளுக்காகவே ஒரு வெள்ளைக்கார ராணுவ அதிகாரி எழுதிய சமையல் நூலை 1878-ல் வெளியிட்டது இவர் கடைதான். ஒளிந்து வந்த அதே மனிதர் 1888-ல் சென்னையின் ஷெரீஃப்!

அண்ணா சாலையில் உயர்ந்த கூரையோடு நிற்கும் ஹிக்கின்பாதம்ஸ் கட்டடம் 1904-ல் வந்தது. அதைப் பார்க்க அவர் இல்லை. ஆனால் எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிவது ஹிக்கின்பாதம்ஸ் ரயில் நிலையங்களில் நடத்திய கடைகள். எத்தனையோ சின்ன ஊர்ப் பிள்ளைகளுக்கு முதல் புத்தகக் கடை பிளாட்பாரத்தில்தான் கிடைத்தது. வண்டி கிளம்புவதற்குள் அப்பாவை நச்சரித்து ஒரு புத்தகம் வாங்கியவர்கள் இன்றும் அந்தப் பெயரைப் பாசத்தோடு சொல்கிறார்கள். அடுத்த முறை அண்ணா சாலைப் பக்கம் போனால் உள்ளே நுழைந்து ஒரு புத்தகமாவது வாங்குங்கள்.