கிரீஸுக்கு அடியில் ஒரு நம்பர்

எண்பதுகளில் டெல்லியின் கரோல் பாகில் குடியிருந்த எங்களுக்கு, பைக்கில் எது கெட்டாலும் ஹர்தியான் சிங் சாலைதான். கெட்ட சாமானைக் கையோடு கொண்டுபோக வேண்டும். கடைக்கார சர்தார்ஜி பேரிங்கை வாங்கி, மண்ணெண்ணெயில் நனைத்த துணியால் விளிம்பை அழுத்தித் துடைப்பார். வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால் கிரீஸுக்கு அடியிலிருந்து நம்பர் தெரியும்: 6203.

அதைப் படிக்கச் சொல்லித் தந்தவரும் அவரே. முதலில் வரும் 6, ஆழமான பள்ளத்தில் ஒரே வரிசையாகக் குண்டு ஓடும் வகை. அடுத்த 2, பருமன் வரிசை. கடைசி இரண்டு இலக்கமும் நடுத் துளையின் அளவு. 04-லிருந்து ஐந்தால் பெருக்கினால் போதும்: 20, 25 மில்லிமீட்டர் என்று போகும். அதற்குக் கீழே 00, 01, 02, 03 நான்குக்கும் 10, 12, 15, 17 என்று மனப்பாடம்தான். பின்னால் இசட்இசட் இருந்தால் இரு பக்கமும் தகர மூடி, 2ஆர்எஸ் இருந்தால் ரப்பர் மூடி.

நம்பர் தெரிந்த பிறகும் உடனே எடுத்துத் தர மாட்டார். "ஆகே யா பீச்சே?" என்பார். முன் சக்கரமா, பின் சக்கரமா? எந்த வருஷத்து வண்டி? மழைத் தண்ணீரில் ஓட்டுவாயா? எல்லாம் கேட்டுவிட்டுத்தான் அலமாரிப் பக்கம் திரும்புவார். 2ஆர்எஸ் தீர்ந்திருந்தால் டிடியூ என்று போட்ட பெட்டி வரும், இல்லையென்றால் எல்எல்யூ. என்எஸ்கே கம்பெனிக்காரன் ஒரு பெயரும் என்டிஎன் கம்பெனிக்காரன் இன்னொரு பெயரும் வைத்திருப்பது அதே ரப்பர் மூடிக்குத்தான் என்பது அவருக்கு அத்துப்படி.

சீர்காழிக்காரரான எஸ். ஆர். ரங்கநாதன் 1933-ல் வெளியிட்ட கோலன் நூல் பகுப்பு முறையும் இப்படிக் கேள்வி கேட்டுப் போவதுதான். ஒரு நூலைப் பற்றி என்ன துறை, எந்த மொழி, என்ன வடிவம் என்று கேட்டு, ஒவ்வொரு பதிலுக்கும் ஓர் எழுத்தோ எண்ணோ தருவது.

பேரிங் வேண்டுமென்றால் இப்போது கடைக்காரருக்குப் பதிலாகக் கைபேசியில் தட்டுகிறோம். வெறும் 6203 என்று போட்டால் ஊரில் உள்ள 6203 எல்லாம் வந்து குவிகிறது. 2ஆர்எஸ் சேர்த்துத் தேடினால் டிடியூ கண்ணில் படாமலே போகலாம். கடைசியில் சாமான் கிடைக்கவில்லை என்று நினைத்துக்கொள்கிறோம். எதிர்க்கேள்வி கேட்க ஆள் இல்லாததுதான் எனக்குப் பெரிய குறை. அந்தக் கேள்விகளை நாமே கேட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது. நம்பரை இரட்டை மேற்கோள் குறிக்குள் போடுவேன். வேண்டாத சொல்லுக்கு முன்னால் இடைவெளி விடாமல் ஒரு கழித்தல் குறி. பிறகு மூடிக்கு உள்ள மற்றப் பெயர்களையும் ஒவ்வொன்றாகத் தேடிப் பார்ப்பேன்.

நம்பரே தேய்ந்துபோயிருந்தாலும் வழியுண்டு. வெர்னியரால் உள்விட்டம், வெளிவிட்டம், அகலம் மூன்றையும் அளந்து, பேரிங் என்ற சொல்லோடு 17, 40, 12 என்று தட்டிப் பாருங்கள். 6203 வந்து நிற்கும்.