அந்த ஒரு கோப்பு எங்கே போச்சு?

கேள்வி: எங்கள் கடையின் பில் புரோகிராமைப் புதுக் கம்ப்யூட்டருக்கு மாற்றினோம். ‘எம்எஸ்எஸ்டிடிஎஃப்எம்டி.டிஎல்எல் இல்லை’ என்று அடம்பிடிக்கிறது. இத்தனை காசு கொடுத்து வாங்கிய புதுசில், பழசில் இருந்தது இல்லையா?
*– மளிகைக் கடைக்காரர், விருதுநகர்*

பதில்: பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் மூச்சு வாங்குகிறது, இல்லையா? ஆனால் அது செய்வது அருமையான வேலை.

நம் தெருவில் வீட்டுக்கு வீடு மாவு மில் வைத்துக்கொள்வதில்லை. அரிசியோ மிளகாயோ எடுத்துப்போய், இருக்கிற ஒரு மில்லில் அரைத்து வருகிறோம். டிஎல்எல் என்பதும் அப்படித்தான். பல புரோகிராம்கள் பொதுவில் வைத்துக்கொள்ளும் கோப்பு. இந்த மில் அரைப்பது எண்களையும் தேதிகளையும். உங்கள் டேட்டாபேஸில் தேதி என்பது 1899 டிசம்பர் 30-லிருந்து எண்ணிய வெறும் நாள் கணக்கு. உள்ளே 45519 என்று கிடப்பதுதான் திரையில் 15-08-2024 என்று வந்து நிற்கிறது. 1250.5 என்பது 1,250.50 ஆகிறது.

இது 1998-ல் விஷுவல் பேசிக் 6-உடன் வந்த கோப்பு. அந்த மொழியில் எழுதியவை ஓடுவதற்கான அடிப்படைக் கோப்பு விண்டோஸிலேயே இருக்கிறது. இது இல்லை, புரோகிராமின் செட்டப்தான் கையோடு கொண்டுவர வேண்டும். நீங்கள் செட்டப்பை ஓட்டாமல் ஃபோல்டரை மட்டும் காப்பி செய்திருப்பீர்கள். குடித்தனம் வந்துவிட்டது, மில் பழைய தெருவிலேயே நிற்கிறது. பழைய சிடியைத் தேடி எடுத்து முறையாக இன்ஸ்டால் செய்யுங்கள். சிடி இல்லையென்றால், எழுதிக் கொடுத்தவரிடம் செட்டப்பைக் கேட்டு வாங்குங்கள்.

கேள்வி: அதற்கு ஏன் அலைய வேண்டும்? டிஎல்எல் கோப்புகளை நெட்டில் இலவசமாகவே தருகிறார்களே?
*– கல்லூரி மாணவி, திருச்சி*

பதில்: வேண்டாம், தயவுசெய்து வேண்டாம். அந்தக் கோப்பு புரோகிராமுக்குள்ளேயே போய் உட்கார்ந்து ஓடும். புரோகிராம் எதையெல்லாம் தொட முடியுமோ, அதையெல்லாம் அதுவும் தொடும்: கடன் பாக்கி, ஜிஎஸ்டி கணக்கு, வாடிக்கையாளர் போன் நம்பர். சம்பளமே வேண்டாம் என்று வந்தார் என்பதற்காக, முன்பின் தெரியாதவரைக் கல்லாவில் உட்கார வைப்பீர்களா?

கேள்வி: சரியான கோப்பைத்தான் சிஸ்டம்32-ல் போட்டேன். அப்படியும் ‘இல்லை’ என்கிறதே!
*– கணக்காளர், ஈரோடு*

பதில்: பெயர்ப்பலகையை நம்பி ஏமாந்தீர்கள். 64 பிட் விண்டோஸில், 32 என்று பெயர் வைத்த சிஸ்டம்32-ல் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகளுக்கு இடம் சிஸ்வாவ்64. விஷுவல் பேசிக் 6 புரோகிராம்கள் 32 பிட். அவை அங்கேதான் தேடும். கோப்பை அங்கே வைத்து, அட்மினிஸ்ட்ரேட்டராக ரெஜ்எஸ்விஆர்32 கட்டளையால் பதிவும் செய்யுங்கள். பதியாத கோப்பு பக்கத்திலேயே கிடந்தாலும் புரோகிராமின் கண்ணில் படாது.

கேள்வி: வேறொரு புரோகிராமை நீக்கும்போது ‘இது பொதுக் கோப்பு, அழிக்கலாமா?’ என்று கேட்கிறதே?
*– இல்லத்தரசி, மதுரை*

பதில்: ‘நோ’ அழுத்துங்கள். அது அடைக்கிற இடம் கடுகளவு. அழித்தால் வரும் வேலை ஒரு நாள்.

கேள்வி: இந்தப் பழைய புரோகிராமை இன்னும் கட்டிக்கொண்டு அழ வேண்டுமா?
*– அரிசி மண்டி உரிமையாளர், தஞ்சாவூர்*

பதில்: ஏன் அழ வேண்டும்? விஷுவல் பேசிக் 6-ல் புரோகிராம் எழுதும் கருவிக்கான ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2008 ஏப்ரல் 8-ல் நிறுத்திவிட்டது. ஆனால் அதில் எழுதியவை விண்டோஸ் 11-லும் ஓடுகின்றன. உங்கள் மண்டியின் மூட்டைக் கணக்கும் வாராக் கடனும் அதற்கு அத்துபடி. கணக்குத் தப்பாத வரை மாற்றாதீர்கள். ஒன்று மட்டும் இன்றைக்கே செய்யுங்கள்: செட்டப்பையும் டேட்டாவையும் ஒரு பென்டிரைவில் ஏற்றி, பத்திரங்கள் இருக்கும் பீரோவில் வைத்துப் பூட்டுங்கள்.