கல்லுப் பேரிக்காய்க்கு ஒரு வழி

ஏய்யா ராசா, செல்லுல வீடியோவெல்லாம் பாத்து முடிச்சாச்சா? பழத்தை இனிப்புத் தண்ணியில வேக வச்சுக் கம்போட் பண்ணப் போறியாக்கும், ஆப்பிள் வாங்கப் பெரிய கடைக்கு ஓடுற. ஓடு. மெழுகு பூசின ஆப்பிள் கடல் தாண்டி வந்து உனக்காகத்தானே காத்துக்கெடக்கு! திரும்பி வரையில வத்தலக்குண்டுல பஸ் நிக்கிற எடத்துல எட்டிப் பாரு. ஆடி மாசம் கொடைக்கானல் மலைப் பேரிக்காயைக் கூறு கூறா வச்சிருப்பாக. கடிச்சா பல்லு ஆடும். நமக்கு அதுதான் வேணும். கனிஞ்ச பழத்தைக் கையில வச்சுக்கிட்டு அடுப்பத் தேடுறவன் சாப்பிடத் தெரியாதவன்.

ஒரு கிலோ வாங்கு. கூறு விக்கிற பொம்பளைகிட்ட அஞ்சு ரூவாய்க்கு மல்லுக்கட்டாத. ஏசி ரூம்புல எரநூறு ரூவாய்க்குக் காப்பி நுரை குடிக்கையில வாயத் தெறக்காத ஆளுதானே நீ.

தோலைச் சீவு, நாலா வகுந்து நடு வெதையை எடுத்துரு. நறுக்க நறுக்க உப்புத் தண்ணியில போடு, இல்லாட்டி கறுத்துப் போகும். உனக்கு மூஞ்சி கறுத்தா கிரீம் இருக்கு, பேரிக்கா பாவம் என்ன பண்ணும்?

இனிமேதான் வெவரம். உங்க வீடியோக்காரன் எல்லாத்தையும் ஒண்ணாக் கொட்டி மூடி வைன்னு சொல்லிருப்பான். அப்பிடி மட்டும் பண்ணிராத. கல்லுக் காய்க்கு முதல்லயே வெல்லத்தைப் போட்டியோ, அம்புட்டுத்தான். இனிப்புத் தண்ணி காய்க்குள்ள இருக்குற ஈரத்தை இழுத்துக்கிரும், சதை இறுகிக்கிரும். பொழுதுக்கும் எரிச்சாலும் வேகாது, கேஸ்காரன் பொழைப்பான். வெறுந் தண்ணி ரெண்டு டம்ளர் ஊத்தி வேக வை. கத்தி முனை எறங்கணும், ஆனா துண்டு ஒடையக் கூடாது. அப்ப எரநூறு கிராம் வெல்லத்தைத் தனியாக் கரைச்சு வடிகட்டி ஊத்து. வடிகட்டுன துணியில மண்ணைப் பாத்தா, இம்புட்டு நாளா எதைத் தின்னோம்னு தெரியும். காய் லேசாப் பழுத்திருந்துச்சுன்னா கணக்கு தலைகீழு: மொதல்லயே வெல்லம் போடு, துண்டு கொழையாம நிக்கும். எலுமிச்சம்பழம் அரை மூடி, அடுப்ப அமத்துனப்பறம்.

அந்த அஞ்சறைப் பெட்டியக் கொண்டா. என்னய்யா இது, பட்டையா, மரத்துண்டா? கனத்த ஒத்தைச் சுருளா இருக்கே! எலங்கைப் பட்டை மெல்லிசாப் பல மடிப்பாச் சுருண்டு, கையில நசுக்குனா நொறுங்கும். வெல கூடத்தான், ஆனா வெரல் நீளம் போதுமே. கிராம்பைத் தண்ணியில போட்டுப் பாரு. நல்லதுன்னா முங்கும், இல்லாட்டி நட்டமா நிக்கும். படுத்துக்கிட்டு மெதந்தா, எவனோ எண்ணெயப் பிழிஞ்சுட்டு சக்கையை உன் தலையில கட்டிட்டான். நாலுக்கு மேல போடாத. கூடிப் போனா நாக்கு மரத்துரும், பல்லுவலிக்காரன்தான் வந்து கேப்பான். இஞ்சி ஒரு துண்டு தட்டிப் போடு. எல்லாத்தையும் துணியில முடிஞ்சு போட்டா, சாப்பிடையில கிராம்பைக் கடிச்சுட்டு என்னையப் பாத்து மொறைக்க வேணாம். அலுமினியச் சட்டி வேணாம்.

அடுப்போட மல்லுக்கட்ட முடியலன்னா பழனிக்குப் போயிரு. மலைவாழைப்பழம், சக்கரை, நெய்யி, தேனு, ஏலக்கா எல்லாத்தையும் தீயே மூட்டாமப் பெசஞ்சு தர்றாக. 2019-ல அந்தப் பஞ்சாமிர்தத்துக்குப் புவிசார் குறியீடும் குடுத்தாச்சு. முருகன் கோயில் பண்டத்துக்குச் சர்க்கார்காரன் சான்று!

ஆறுனப்பறம் பாட்டில்ல ஊத்தி பிரிட்ஜுல வை. ஒரு வாரம் தாங்கும், ஈரக் கரண்டி படாம இருந்தா. உங்கப்பன் ராத்திரி தண்ணி சொட்டச் சொட்டக் கரண்டியோட வருவான், அவனுக்குத் தனிக் கிண்ணத்துல எடுத்து வச்சிரு. எனக்கும் ரெண்டு துண்டு. சக்கரை வியாதிக்காரிக்கு எதுக்குன்னு உங்கம்மா கேட்டா, ருசி பாக்கன்னு சொல்லு.