மாசக்கணக்கு அத்தை

தெருவுக்கு ஒருத்தி இருப்பாள். கைக்குழந்தையைக் கண்டால் பெயரைக் கேட்கமாட்டாள், மாசத்தைக் கேட்பாள். நாம் பதில் சொல்லி வாயை மூடுவதற்குள் அடுத்தது வந்துவிடும்: “அஞ்சு மாசமா? இன்னுமா குப்புற விழலை?”

எங்கள் தெருவில் அந்தப் பொறுப்பு எதிர்வீட்டு அத்தையிடம் இருக்கிறது. யாருக்கும் அத்தை இல்லை, எல்லாருக்கும் அத்தை. பகல் பதினோரு மணிக்குக் குக்கரை இறக்கிய கையோடு வருவாள். ஈரக்கையை முந்தானையில் துடைத்து, என் மகளைத் தூக்கி, வெண்டைக்காய் நிறுப்பதுபோல இரண்டு முறை அசைத்து, “ஆறரை கிலோ” என்பாள். அங்கன்வாடித் தராசு ஆறு கிலோ நானூறு காட்டியது. “தராசுல கோளாறு இருக்கும்” என்றாள். நான் பாதி நம்பிவிட்டேன்.

அத்தைக்கு அளவுகோல் அவள் பெற்ற பிள்ளை. இன்று பெங்களூரில் இரண்டாவது மாடிக்கு லிஃப்டில் போகும் அந்த மனிதர், எட்டு மாதத்தில் நடந்தவராம். முதலில் பத்து மாதம் என்றுதான் சொன்னாள். சித்திரையில் அது ஒன்பதானது, ஆடியில் எட்டு. இப்படியே போனால் தீபாவளிக்குள் அவர் பிரசவ வார்டிலிருந்து தானே நடந்து வீடு வந்திருப்பார்.

சாப்பாட்டு இலாகாவும் அவளிடம்தான். மகளுக்கு நாலு மாதம் இருக்கும்போதே ஒரு சீப்பு செவ்வாழையோடு வந்து நின்றாள். ஆறு மாதம் முடியும்வரை தாய்ப்பால் மட்டும்தான், தண்ணீர்கூட வேண்டாம் என்று நர்ஸம்மா சொன்னதை என் மனைவி சொன்னாள்.

“தண்ணிகூடவா? இந்த வெயில்லயா?”

“பால்லயே முக்கால்வாசிக்கு மேல தண்ணிதான் அத்தை.”

“அப்ப எங்க பால்ல மட்டும் என்ன இருந்துச்சாம்?”

இதற்கு எங்கள் இருவரிடமும் பதில் இல்லை. வாழைப்பழத்தை நான் சாப்பிட்டேன்.

அடுத்து தேன். பிறந்ததும் நாக்கில் தேன் தொட்டு வைக்காததால்தான் பிள்ளைக்கு இன்னும் பேச்சு வரவில்லையாம். ஒரு வயதுக்குமுன் தேன் ஆகாது, அதிலிருக்கும் ஒருவகைக் கிருமி பிஞ்சுக் குடலில் பெருகி விஷமாகலாம் என்றேன். “தேனீ வச்ச தேன்ல எப்படிக் கிருமி வரும்? மனுசன் கை வச்சிருப்பான்.”

ஆறு மாதம் முடிந்த மறுநாள் காலையிலேயே கேள்வி தலைகீழானது. “இன்னுமா இட்லி திங்கலை?” கேழ்வரகை ஊறவைத்து அரைத்து, துணியில் பிழிந்து பாலெடுத்து, கட்டி தட்டாமல் கிண்டிய கூழை மனைவி ஊட்ட, மகள் அப்படியே நாக்கால் வெளியே தள்ளினாள். பிடிக்காமல் இல்லை. அதுவரை உறிஞ்சியே பழகிய நாக்கு புதிதாக எது வந்தாலும் முதலில் வெளியேதான் தள்ளும். சில பிள்ளைகள் பத்துத் தடவைக்கு மேல் காட்டிய பிறகுதான் ஓர் உணவை ஒப்புக்கொள்ளும். அத்தை மூன்றாவது கரண்டியிலேயே தீர்ப்பு சொல்லிவிட்டாள்: “உப்பு போடலை, அதான்.”

எட்டு மாதம் ஆகியும் தவழவில்லை என்று அவள் உச்சுக் கொட்டிய அன்று எனக்கு ரோஷம் வந்துவிட்டது. உலக சுகாதார நிறுவனத்தைச் சாட்சிக்கு அழைத்தேன். இந்தியா உட்பட 5 நாட்டுக் குழந்தைகளைப் பார்த்து அவர்கள் 2006-ல் வெளியிட்ட கணக்குப்படி, பிடிமானம் இல்லாமல் நடப்பது 8.2 மாதத்திலும் வரலாம், 17.6 மாதத்திலும் வரலாம். நூற்றுக்கு நாலு பிள்ளைகள் முட்டிபோட்டுத் தவழாமலே எழுந்து நடந்துவிடுகின்றன. இவ்வளவும் சொன்னதில் அத்தை காதில் விழுந்தது ஒரே எண்.

“பாத்தீங்களா தம்பி, எட்டு! எம்மவன்!”

நம் புலவர்களும் இந்த ஜாதிதான். பிள்ளைத்தமிழில் செங்கீரைக்கு ஐந்தாம் மாதம், சப்பாணி கொட்ட ஒன்பதாம் மாதம் என்று வகுத்து வைத்திருக்கிறார்கள். குமரகுருபரர் மீனாட்சியம்மைக்கே பாடினார். நல்லவேளை, மீனாட்சிக்கு எதிர்வீடு கிடையாது.

ஆனாலும் அத்தை வராத நாளில் பதினோரு மணிக்கு நாங்கள் வாசலைப் பார்ப்போம். ஒருநாள் அவள் தண்ணீர் புகட்டிக்கொண்டிருந்தாள். எவர்சில்வர் டம்ளர் விளிம்பில் ‘டிக்’ என்றது. அத்தை மூச்சைப் பிடித்துக்கொண்டு டம்ளரை மறுபடி கீழ் ஈறில் தொட்டாள். டிக். குருணை அரிசி அளவுக்கு வெள்ளையாக ஒன்று. ஒரு வாரமாக நாங்கள் செல்போன் வெளிச்சத்தில் தேடியும் அகப்படாதது. சாயங்காலம் பல் கொழுக்கட்டை அவள் வீட்டு இட்லிப் பானையில்தான் வெந்தது. தன் மகனுக்கு எந்த மாதத்தில் பல் முளைத்தது என்று அன்று முழுக்க அவள் வாயைத் திறக்கவே இல்லை.

மறுநாள் திறந்தாள். நாலாம் மாதமாம்.

போன வாரம் சாத்தூரிலிருந்து அவளுடைய அக்கா வந்திருந்தார். பேச்சுவாக்கில், “உங்க தங்கச்சி மகன் எட்டு மாசத்துலயே நடந்துட்டாராமே?” என்றேன்.

“யாரு, அவனா?” கிழவி வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டார். “ஒன்றரை வயசு வரைக்கும் எந்திரிக்கவே இல்லையே. உக்காந்தவாக்குலயே தேச்சுத் தேச்சுப் போவான். டவுசர் பின்னாடி பூராவும் ஓட்டை.”

திண்ணையில் சத்தமே இல்லை. அத்தை முந்தானையை ஒருமுறை உதறினாள். பிறகு என் மகள் பக்கம் திரும்பினாள்.

“ஏண்டி, நீ இன்னுமா டாட்டா காட்டலை?”