பழக்கலவை நளமகாராஜர்

உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்று, பென்ஷன் காகிதங்களையும் இரத்த அழுத்த மாத்திரைகளையும் ஒரே மேஜை டிராயரில் பத்திரப்படுத்தி வைத்திருக்கும் கனவான்களில் ஒரு சாரார் உண்டு. நெடுங்காலத் தாம்பத்தியத்தில் காப்பி தாமதமானதற்குக் காரணம் கேட்பதற்கன்றி வேறெதற்கும் சமையலறை வாசற்படியை மிதித்தறியாத இந்த மகானுபாவர்கள், அக்னி நட்சத்திரம் உச்சத்தில் நிற்கும் ஏதோ ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், படித்துக்கொண்டிருந்த பத்திரிகையை மடித்து வைத்துவிட்டு, “இன்றைக்கு யாரும் ஒன்றும் செய்ய வேண்டாம், ஃப்ரூட் சாலட் நான் பண்ணுகிறேன்” என்று பிரகடனம் செய்வார்கள். அந்தப் பிரகடனம் காதில் விழுந்த மாத்திரத்தில் வீட்டுப் பெண்மணிகள் அத்தனை பேரும் கையிலிருந்த வேலையைப் போட்டுவிட்டு ஆயத்தமாகிவிடுவார்கள். யாரும் ஒன்றும் செய்ய வேண்டாத நாளில்தான் எல்லோருக்கும் இடுப்பொடிய வேலை இருக்கும் என்பது அவர்களுடைய பூர்வானுபவம்.

உப்புமாவில் கட்டி தட்டிவிடலாம், ரசம் கொதித்துக் கெட்டுவிடலாம், தோசை கல்லைவிட்டு எழுந்திருக்க மறுக்கலாம். பழக்கலவையிலோ அப்படிப்பட்ட அபாயம் ஒன்றுமில்லை. சூரியனும் மரமுமாகச் சேர்ந்து மாதக்கணக்கில் பக்குவம் செய்து அனுப்பிய பண்டத்தை நறுக்கிக் கலப்பதோடு காரியம் முடிந்தது. தோல்விக்கே இடமில்லாத ஒரு கலையைத் தேர்ந்தெடுத்து, அதில் நிகரற்ற வித்வான் என்று பெயர் வாங்கிக்கொண்ட இந்தக் கனவானுடைய விவேகத்தை நாம் மெச்சத்தான் வேண்டும்.

முதற்காண்டம் பழம் வாங்குதல். 1996-ஆம் ஆண்டில் சென்னையின் காய்கனி மொத்த வியாபாரம் கொத்தவால்சாவடியை விட்டுக் கோயம்பேட்டுக்குக் குடிபெயர்ந்ததை இவர் இன்றுவரை மன்னிக்கவில்லை, ஆகையால் கோயம்பேட்டில் எந்தப் பழத்தைக் கையில் எடுத்தாலும், “சாவடியிலே கிடைத்த பழம் இப்படியா இருக்கும்?” என்ற பீடிகையோடுதான் எடுப்பார். டாக்டர் நோயாளியின் மார்பைத் தட்டிப் பார்க்கிற பாவனையில் தர்ப்பூசணியைத் தட்டிக் காது கொடுத்துக் கேட்பார். அதைப் புரட்டி, கொடியில் கிடந்த காலத்தில் மண்ணில் பட்டுக்கொண்டிருந்த பக்கத்துத் திட்டு வெளுப்பாயில்லாமல் நல்ல மஞ்சளாக இருக்கிறதா என்று கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு பரிசோதிப்பார். (இந்தச் சோதனை சரியானதே என்பதை நியாயத்தின் பொருட்டு நான் ஒப்புக்கொள்கிறேன்.) பிறகு அன்னாசியின் கொண்டையில் நடு இலையைப் பற்றி இழுப்பார். இலை சுலபமாகக் கையோடு வந்தால் பழம் பழுத்தது என்பது இவருடைய சாஸ்திரம். அது வந்துவிட்டதே என்று அந்தப் பழத்தை வாங்கிவிடுவாரா என்றால் மாட்டார்; அடுத்ததில் இன்னும் சுலபமாக வருகிறதா என்று பார்ப்பார். மொட்டைக் கொண்டைகளோடு அன்னாசிகள் அணிவகுத்து நிற்பதைக் கண்ட கடைக்காரர், “ஐயா, எல்லாத்தையும் நீங்களே பிடுங்கிட்டா, மிச்சத்தை நான் யாருகிட்டே விக்கிறது?” என்று கேட்ட பிற்பாடுதான் ஒரு தீர்மானத்துக்கு வருவார். பங்கனப்பள்ளி, பப்பாளி, மாதுளை, ஆயக்குடிக் கொய்யா என்று கடைக்காரர் சத்தியம் செய்து கொடுத்த கொய்யா, சிறுமலை வாழைப்பழம் ஆகிய சகல பரிவாரங்களோடும் ஆட்டோ வந்து வாசலில் நிற்கும்போது, வீட்டிலுள்ள ஆறு பேருக்காக அறுபது பேருக்குப் போதுமான பழம் இறங்கும்.

இரண்டாவது காண்டம் ஆயுதங்களைத் தேடுவது.

“இந்தா, கத்தி எங்கே?”

“உங்க கைக்கு எதிரிலேதான் இருக்கு.”

“இது காய் நறுக்குற கத்தி. வெங்காய வாசனை வரும். பழத்துக்குன்னு தனியா ஒண்ணு இருந்துதே?”

“போன வருஷம் நீங்கதான் அதை வெச்சுப் பெயிண்ட் டப்பாவைத் திறந்தீங்க.”

வெங்காயம் நறுக்கிய கத்தியையும் பலகையையும் பழத்துக்கு எடுக்கலாகாது என்பது பரம சத்தியமான விதிதான். அந்த விதியை அவருக்குச் சொல்லிக் கொடுத்தவரே அவருடைய மனைவியான அந்த அம்மாள்தான் என்பதை மட்டும் அவர் மறந்துவிட்டார். கத்தி வந்ததும் பலகை, பலகை வந்ததும் அகன்ற பாத்திரம், பாத்திரம் வந்ததும் தோல்களைப் போட மற்றொரு பாத்திரம், அதன் பிறகு தோளுக்கு ஒரு துண்டு என்று உத்தரவுகள் பிறந்துகொண்டே இருக்கும். தாம் நின்ற இடத்தைவிட்டு ஓர் அடியும் நகராமல் நான்கு பேரை நாலு திசையிலும் ஓட வைக்கும் இந்தச் சாமர்த்தியத்தை அவர் பழைய காரியாலயத்தில் பயின்றிருக்க வேண்டும்.

துண்டங்கள் யாவும் ஒரே அளவில், அரை அங்குலச் சதுரமாக இருக்க வேண்டும் என்பது அவருடைய கொள்கை. முதல் பத்துத் துண்டங்கள் அவ்வாறே இருக்கும். பிறகு முதுகு வலிக்கத் தொடங்கி, மருமகள் கையில் கத்தி கைமாறி, அவர் மேற்பார்வைப் பதவிக்கு உயர்ந்துவிடுவார். மாதுளையை உதிர்க்கும் பொறுப்பு பேத்தியிடம் ஒப்படைக்கப்படும். உதிர்ந்த முத்துக்களில் ஒரு பகுதி பாத்திரத்துக்கும் ஒரு பகுதி பேத்தியின் வாய்க்கும் ஒரு பகுதி அலமாரிக்கு அடியிலும் போய்ச் சேரும்.

ஆனால் காரம் சேர்க்கும் கட்டம் வந்ததும் அவர் மீண்டும் களத்தில் இறங்குவார். பழத்தில் காரமா என்று வெளியூர் விருந்தாளி யாரேனும் திகைத்தால், அவருக்கு அதைவிட ஆனந்தம் வேறில்லை. “மெரீனாவில் மாங்காய்ப் பத்தையை எதைத் தொட்டுத் தின்கிறோம்? தள்ளுவண்டிக்காரர் கொய்யாவைப் பிளந்து அதற்குள் எதைத் தடவிக் கொடுக்கிறார்? அவ்வளவு தூரம் போவானேன், பழனியாண்டவருக்கு அபிஷேகமாகும் பஞ்சாமிர்தத்திலேயே ஏலக்காய் இல்லையா?” என்று சாட்சிகளை ஒவ்வொன்றாகக் கூண்டில் ஏற்றுவார். அவர் மிளகாய்ப்பொடிக் கட்சி அல்லர், மிளகுக் கட்சி. சிறிய இரும்புச் சட்டியை மெல்லிய தீயில் வைத்து, ஒரு சிட்டிகை சீரகமும் அரைத் தேக்கரண்டி மிளகும் போட்டு, சீரகம் நிறம் மாறி மிளகு ஒன்றிரண்டு துள்ளுகிற வரையில் மௌனமாக நிற்பார்; அன்று முழுவதிலும் அவர் பேசாதிருக்கும் நேரம் இது ஒன்றுதான். உடனே இறக்கி ஆற வைத்து, சிறு கல்லுரலில் போட்டு, மாவாக விடாமல், பல்லில் ஒரு துணுக்கு அகப்படும்படி ஒன்றிரண்டாக இடிப்பார். மிளகின் உறைப்பு நெடுநாள் நிற்கும். அதன் வாசனையோ காற்றில் பறக்கும் எண்ணெய்களைச் சேர்ந்தது, பொடித்து வைத்தால் டப்பாவைத் திறக்குந்தோறும் கொஞ்சம் கொஞ்சமாகக் கைவிட்டுப் போய்விடும். ஆகவே அவ்வப்போது இடிப்பதே முறை என்று அவர் சொல்வதில் பிழையில்லை. இடிக்கும்போது கூடமெங்கும் கமழும் அந்த நெடியில், எதிர்வீட்டுக்காரர் கூட ஏதேனும் ஒரு சாக்கை வைத்துக்கொண்டு எட்டிப் பார்த்துவிட்டுப் போவார்.

மிளகாய் மேல் அவருக்குள்ள துவேஷம் தேசபக்தியில் பிறந்தது. “மிளகு நம் மலைச்சரக்கு. இதைத் தேடிக்கொண்டுதான் வாஸ்கோ ட காமா 1498-இல் கள்ளிக்கோட்டைக்கு வந்தான். மிளகாய் பரதேசி, அமெரிக்காவிலிருந்து போர்த்துகீசியன் கப்பலில் வந்தது” என்று அவர் பிரசங்கம் செய்துகொண்டிருந்தபோது, பத்தாம் வகுப்புப் படிக்கும் பேரன் குறுக்கிட்டான்.

“தாத்தா, அன்னாசியும் அங்கேயிருந்துதான் வந்துச்சு. 1493-இல் கொலம்பஸ் குவாதலூப் தீவிலே பார்த்தாராம். பப்பாளியும் கொய்யாவும் கூட அந்த ஊர்ச் சரக்குத்தான்.”

தாத்தா பாத்திரத்தைப் பார்த்தார். பரதேசிகளை விலக்கினால், மாம்பழத்தையும் வாழைப்பழத்தையும் தவிர அதிகமாக மிஞ்சக் கூடியது ஒன்றுமில்லை என்பது கண்கூடாகத் தெரிந்தது. ஒரு கணம் யோசித்து, “வந்தவர்களிலே இனிப்பாக நடந்துகொள்பவர்களை வைத்துக்கொள்வது நம் பண்பாடு” என்று தீர்ப்புச் சொல்லிவிட்டு, கல்லுரலைத் துடைக்கச் சொன்னார்.

இத்தனை ஆரவாரத்துக்கும் நடுவில், அம்மாள் ஒருவர் பேசாமல் செய்துவரும் காரியங்களை யாரும் கவனிப்பதில்லை. நறுக்கிய வாழைப்பழமும் கொய்யாவும் காற்றுப் பட்டுக் கறுக்காமலிருக்க, எலுமிச்சம்பழச் சாற்றை முதலிலேயே பிழிந்து பிசறி வைப்பவர் அவர். உப்பை முன்கூட்டிப் போட்டால் பழம் தண்ணீர் விட்டுத் துவண்டுவிடும் என்று, உப்புச் சிமிழை முந்தானைக்குள் மறைத்து வைத்திருந்து, பரிமாறும் தறுவாயில் மட்டும் வெளியே எடுப்பவரும் அவரே. கடைசி நிமிஷத்தில் வித்வானுக்கு ஒரு புதிய உற்சாகம் பிறந்து, “கொஞ்சம் கஸ்டர்டு காய்ச்சி ஊற்றினால் என்ன?” என்று கேட்டபோது, அம்மாள், “அன்னாசி இருக்குதுங்க. பால் பட்டுச் சித்த நேரம் நின்னா கசந்துடும்” என்றார். சமைக்காத அன்னாசியிலுள்ள புரோமெலைன் என்ற நொதி பாலின் புரதத்தைச் சிதைத்துவிடும் என்று பேரனின் புத்தகம் சொல்வதை அந்த அம்மாள் படித்ததில்லை; கசந்துபோன கிண்ணங்களைக் கழுவியிருக்கிறார்.

“அதைத்தான் நானும் சொல்ல வாயெடுத்தேன்” என்றார் வித்வான்.

கிண்ணங்கள் கைக்கு வந்ததும், அவர் தமது கிண்ணத்தைத் தொடாமல் மற்றவர்களுடைய முகங்களைச் சுற்றிச் சுற்றிப் பார்ப்பார். “எப்படி?” என்று அவர் கேட்பதற்கு முன்பே “பிரமாதம்” என்று சொல்லிவிடுவது அந்தக் குடும்பத்தின் சம்பிரதாயம். வேடிக்கை என்னவென்றால், அது உண்மையிலேயே பிரமாதமாகத்தான் இருக்கிறது. குளிர்ந்த மாம்பழத்தின் தித்திப்பும் அன்னாசியின் புளிப்பும் நாக்கில் பரவி முடிந்த பிற்பாடு, எங்கிருந்தோ ஒரு மிளகுத் துணுக்கு பல்லில் அகப்பட்டு, இலேசாகத் தொண்டையைச் சுட்டு, அடுத்த கரண்டியை உடனே கேட்க வைக்கிறது. வெளியே காயும் வெயிலைச் சற்று மறந்தே போகிறோம்.

ஆசைப்படுகிறவர்களுக்காக அளவையும் சொல்லிவிடுகிறேன். கலந்து நறுக்கிய பழம் ஆறு கிண்ணம், ஓர் எலுமிச்சம்பழத்தின் சாறு, வறுத்து இடித்த மிளகு அரைத் தேக்கரண்டி, சீரகம் ஒரு சிட்டிகை, பழம் புளித்திருந்தால் மட்டும் ஒரு கரண்டித் தேன், பரிமாறும்போது இரண்டு சிட்டிகை உப்பு. தர்ப்பூசணி சேர்ப்பதானால் அதையும் கடைசியில் சேர்த்தால் போதும். ஒரு மனிதர், ஒரு கத்தி, அரைமணி நேரம். இதற்குமேல் ஒன்றும் வேண்டியதில்லை. இதைப் படித்துவிட்டு உங்கள் வீட்டு நளமகாராஜரும் ஞாயிற்றுக்கிழமையன்று கத்தியைத் தேடிக்கொண்டு புறப்படுவாரானால், சகோதரிகளே, தாராளமாக விடுங்கள். ஆனால் தோலை வாரிக் கொட்டுவதும் பாத்திரம் துலக்குவதும் செய்முறையிலேயே அடக்கம் என்பதை, அவர் பழம் வாங்கப் போவதற்கு முன்பே சொல்லி வைத்துவிடுங்கள்.