திறந்த வீட்டுக்குள் எடுத்த படம்

பாண்டிருப்பு திரௌபதை அம்மன் கோயிலில் பாண்டவர் வனவாசம் போக யாரும் செட் போடுவதில்லை. ஊராக்கள்தான் பாண்டவர், ஊர்தான் அத்தினாபுரி. 1945 ஜனவரியில் ரோமாபுரியில் 'ரோம், திறந்த நகரம்' படத்தை எடுக்கத் தொடங்கிய ரொபர்த்தோ ரொசெலினி என்ற மனிசனுக்கும் வேறு வழி இருக்கவில்லை.

1943 ஓகஸ்ட்டில் ரோமைத் 'திறந்த நகரம்' என்று அறிவித்தார்கள். சண்டை வேண்டாம், குண்டு போடாதீர்கள் என்று அர்த்தம். திறந்த வீட்டுக்குள் எது நுழையும் என்று நம்மட கிழவிமாருக்குத் தெரியும். செப்டெம்பரில் ஜெர்மன்காரன் நுழைந்தான். போனது 1944 ஜூன் 4.

ரொசெலினி லேசுப்பட்ட ஆளில்லை. 1941இல் முசோலினியின் கடற்படைக்கு 'வெள்ளைக் கப்பல்' எடுத்தவர். முசோலினியின் மகனுக்கே சிநேகிதர். இப்போது ஜெர்மன்காரனை எதிர்த்துப் போராடியவர்களுக்குப் படம்! காற்றுப் பார்த்துப் பாய் திருப்புவதில் எங்கள் கரைவலைக்காரர் இவரிடம் பிச்சை வாங்க வேண்டும்.

சினெசித்தா ஸ்டூடியோ அகதி முகாமாகிவிட்டது. எனவே கமெரா தெருவுக்கு வந்தது. பாதிரியார் வேடத்துக்கு ஒரு பகிடிக்காரர், ஆல்தோ ஃபப்ரிசி. அவரை மடக்க அவருடைய கூட்டாளி ஃபெலினியைத் தேடிப் போனார்கள். பிற்காலத்துச் சினிமா மேதை அப்போது கடை போட்டு, அமெரிக்கச் சிப்பாய்களின் மூஞ்சியைக் கேலியாக வரைந்து காசு பார்த்துக்கொண்டிருந்தார்.

ஒலிப்பதிவுக்கு வசதியில்லை. ஊமையாக எடுத்து, பிறகு நடிகர்களைக் கூப்பிட்டுக் குரல் கொடுக்க வைத்தார்கள். ரொட் கைகர் என்ற அமெரிக்கச் சிப்பாய் வெறியில் மின்சார வயரில் தடக்கி விழுந்துதான் படப்பிடிப்புக்குள் வந்தாராம். சொன்னவர் ஃபெலினி, ஆகவே பாதியைக் கழித்துவிடுங்கள். மீதிப் பாதி உண்மை: படத்தை நியூயோர்க்குக்குக் கொண்டுபோனவர் அந்தக் கைகர்தான். 1946இல் கான் விழாவில் பெரிய பரிசும் கிடைத்தது. பேராசிரியர்மார் ஓடிவந்து 'நியோரியலிசம்', அதாவது புதிய யதார்த்தவாதம், என்று பேர் வைத்தார்கள். வீட்டில் கறியில்லாமல் கஞ்சி குடித்தவனைப் பார்த்து விரதம் என்றார்கள்!

தெருப் படப்பிடிப்பாளர்களிடம் துண்டு துண்டாகப் பிலிம் பொறுக்கித்தான் எடுத்தார்கள் என்பது ஐம்பது வருசக் கதை. 1990களில் நெகட்டிவைத் திருத்தியெடுத்தவர்கள் பார்த்தால், மூன்றே மூன்று வகைப் பிலிம். வறுமையிலும் கொஞ்சம் புளுகு கலந்திருக்கிறது.

ஆனாலும் படத்தின் நடிகை அன்னா மஞ்ஞானி லொறிக்குப் பின்னால் ஓடி வருகிற அந்த ஒரு இடத்தில் புளுகே இல்லை. 'ரோம், திறந்த நகரம்' கிடைத்தால் பாருங்கள். இடையில் வெளிச்சம் மங்கினால் ரீவியைத் தட்டாதீர்கள், அது 1945இன் கரண்ட்.